வலை கட்டிய தூக்குச்சட்டி

அக்கா,

வீடு மாற்றியபோது எல்லாப் பாத்திரங்களையும் சாக்கில் போட்டுக் கட்டினேன். உங்கள் தூக்குச்சட்டியை மட்டும் மடியில் வைத்துக்கொண்டு ஆட்டோவில் வந்தேன். நெல்லித்தோப்பிலிருந்து கருவடிக்குப்பம் வந்து சேரும்வரை தொடை சுட்டது. வலைக் கண்களின் வழியே புளியும் வெந்தயமும் மணத்தன. டிரைவர் திரும்பிப் பார்த்து, "மீன் கொழம்பா? இப்பதான் எறக்குனதா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். நீங்கள் அதை அடுப்பிலிருந்து இறக்கி நான்கு வருடம் ஆகிறது.

அப்போது சந்தைக்கு எதிரே ஒரு ஜெராக்ஸ் கடையில் டைப் அடித்துக்கொண்டிருந்தேன். எங்கள் குடும்பத்தில் கல்லூரிக்குப் போன முதல் ஆள் நான்தான். ஆனாலும் "எத்தனை காப்பி?" என்று கேட்பதற்குள் இரண்டு தடவை எச்சில் விழுங்குவேன். நீங்கள் சாயங்காலம் நாலு மணிக்கு வைத்திக்குப்பத்திலிருந்து அலுமினியப் பாத்திரத்தைத் தலையில் சுமந்து வந்து எங்கள் கடைப் படியோரம் உட்காருவீர்கள். பாத்திரத்தின் வாயில் துணிபோல நெருக்கமாகப் பின்னிய நைலான் வலை கட்டியிருக்கும். ஐஸ் ஒரு துண்டுகூடக் கிடையாது. வலையை அவிழ்த்தால், விடியற்காலையில் கரையேறிய சங்கரா மீன் உள்ளே துள்ளும்.

"எப்பிடிக்கா?" என்று கேட்க எனக்கு ஒரு மாதம் ஆனது.

"மீனுக்கு வலை கீது இல்ல? நேரத்துக்கும் ஒண்ணு பின்னிப் பாத்தேன். மாட்டிக்கிச்சி."

ரசத்துக்குப் புதிதாக எதையோ சேர்த்துப் பார்த்ததுபோலச் சொன்னீர்கள். அந்த முடிச்சைக் கண்டுபிடிக்க ஆறு வருடம் அவிழ்த்து அவிழ்த்துக் கட்டியதும், முதலில் மாட்டியது ஒரு கிளாஸ் டீ என்பதும், அது இரண்டு நாள் ஆவி பறந்ததைப் பார்த்து உங்கள் வீட்டுக்காரர் பயந்து தன் அம்மா வீட்டுக்குப் போனவர் திரும்பவே இல்லை என்பதும் பிறகு கொஞ்சம் கொஞ்சமாகத் தெரிந்தது. அதைச் சொல்லும்போதுகூடச் சிரித்தீர்கள். "டீக்குப் பயந்தவன் எனக்கு எதுக்குடி?"

உங்களைச் சூனியக்காரி என்றவர்கள் உண்டு. பிரெஞ்சுப் பட்டாளத்துப் பென்ஷன் வாங்கும் சொல்தா தாத்தா மட்டும் வெள்ளிக்கிழமைதோறும் வந்து, "சூனியமோ சயின்ஸோ, செவுள் செவப்பா இருக்குதுல்ல? மெர்சி!" என்று பிரெஞ்சில் நன்றி சொல்லி மீனை வாங்கிப் போவார்.

காலையிலேயே விற்றால் என்ன என்று ஒருநாள் கேட்டேன். "காலைல வாங்கறவளுக்குத் துட்டும் கீது, நேரமும் கீது. சித்தாளு வேலைக்குப் போறவ பொழுது சாஞ்சி வந்து நாறுனதத்தானே வாங்குறா? அவளும் ஒருநா துள்றத வாங்கட்டுமே" என்றீர்கள்.

நீங்கள் வாக்காளர் அட்டையை நகலெடுக்கத் தந்த அன்று நான் பார்த்தேன். ஒரு வருடத்துக்கு முந்தைய படம். அதில் கூந்தல் கறுப்பு. என் எதிரே நின்ற உங்களுக்கு முக்கால்வாசி வெளுத்திருந்தது. அட்டைப்படி உங்களுக்கு முப்பத்துநான்கு வயது. படத்தையும் உங்களையும் மாறி மாறிப் பார்த்ததை நீங்கள் கவனித்துவிட்டீர்கள்.

"புடிச்ச நேரத்த எங்கியாவது கொட்டித்தானே ஆவணும்? யாரு கையில கீதோ அவங்க மேல கொட்டிக்கிது. நூறு மீனுன்னா நூறு மீனோட நேரம். திங்கறவங்களுக்கு ஒண்ணும் இல்ல, பயப்படாத. யாருகிட்டயும் சொல்லிக்கினு இருக்காத."

நான் சொல்லவில்லை. நிறுத்துங்கள் அக்கா என்று உங்களிடமும் சொல்லவில்லை. அன்றைக்கும் இரண்டு சங்கரா வாங்கிப் போய், வறுத்து, ருசித்துத்தான் தின்றேன்.

சந்தையில் காலை நேரம் மீன் விற்கும் பெண்கள் ஆறு பேர் ஒரு மத்தியானம் கடைக்குள் வந்தார்கள். அவர்கள் பக்கமும் நியாயம் இருந்தது. "சாயங்காலம் அவ வருவான்னு எல்லாரும் கைய வீசிக்கினு போறாளுங்க. எங்க மீனு நாறுது. நீயே சொல்லு பொண்ணு, நாங்க இன்னா பொய்யா சொல்றோம்?" சந்தையை ஏலம் எடுத்தவருக்கு ஒரு மனு எழுத வேண்டும். முடியாது என்று சொல்லும் தைரியம் எனக்கு இல்லை. ஏனோதானோவென்று எழுதிக் கொடுத்துவிடலாம் என்றுதான் உட்கார்ந்தேன்.

இரண்டு பத்தி அடித்துப் படித்துக் காட்டினேன். "யம்மா, பட்டதாரி கைன்னா சும்மாவா!" என்றாள் ஒருத்தி. அதுவரை என் எழுத்தை யாரும் அப்படிச் சொன்னதில்லை அக்கா. அதற்குப் பிறகு என் விரல்கள் நிற்கவில்லை. 'இந்த வலையைத் தொட்ட பெண் ஒரே வருடத்தில் கிழவியாகிவிட்டார். இவருடைய மீனை உண்ணும் குழந்தைகளின் கதி என்ன?' என்று அடித்தேன். பதில் எனக்குத் தெரியும். நீங்களே சொல்லியிருந்தீர்கள். கேள்வியாகத்தானே எழுதுகிறேன், பொய் இல்லையே என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

அந்த ஒரு வரி போதுமானதாக இருந்தது. இனி சந்தைப் பக்கம் உட்காரக் கூடாது என்று ஏலக்காரர் உங்களுக்குச் சொல்லியனுப்பினார். பிள்ளை பெற்ற ஒருத்தி உங்கள் பாத்திரத்தைக் காலால் எத்திவிட்டதைக் கடைக்குள்ளிருந்து பார்த்தேன். மீன்கள் தார் ரோட்டில் துள்ளின. குனிந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கினீர்கள். நான் எழுந்து வரவில்லை.

மறுநாள் காலையில், வழக்கமில்லாத நேரத்தில் வந்தீர்கள். ஒரு கையில் வாயில் வலை கட்டிய தூக்குச்சட்டி. இன்னொரு கையில் மனுவின் நகல்.

"எனக்கு எழுத்துக்கூட்டத்தான் வரும். நீ படி, கேப்போம்."

எங்கள் பிரிண்டர் எப்போதும் ஓரத்தில் இழுத்துவிடும் கறுப்புக்கோடு அந்தத் தாளிலும் இருந்தது. நான் எழுதியதை உங்களுக்கு நானே படித்தேன். கிழவி என்ற இடம் வந்ததும், "அத இன்னொருக்கா படி" என்றீர்கள். படித்தேன். அந்த ஒரு வருடக் கணக்கை உங்களைத் தவிர நான் ஒருத்திதான் அறிவேன் என்பது நம் இருவருக்கும் தெரியும். ரோட்டையே பார்த்துக்கொண்டிருந்தீர்கள்.

"நல்லாத்தான் எழுதிக்கீது" என்றீர்கள். பிறகு தூக்குச்சட்டியை மேசைமேல் வைத்தீர்கள். "வஞ்சிரம். விடிகாலைல ஒனக்குன்னு வெச்சது. சோத்த வடிச்சிட்டு சூடா தின்னுடு. வெச்சிக்கினு இருக்காத, இன்னா?"

நான் "ம்" என்றேன். மன்னிப்புக் கேட்க வேண்டிய இடத்தில் என் வாயிலிருந்து வந்தது அவ்வளவுதான்.

மூன்று மாதத்தில் போய்விட்டீர்கள். வைத்திக்குப்பத்தில் தெருமுனைவரை வந்தேன். பறைச் சத்தம் கேட்டு யாரோ, "யாருப்பா?" என்று விசாரித்தார்கள். "யாரோ கெழவி போல" என்றது ஒரு குரல். முப்பத்தஞ்சு என்று திருத்தவாவது செய்திருக்கலாம். அங்கிருந்தே திரும்பிவிட்டேன்.

இப்போதும் மனு எழுதித்தான் பிழைக்கிறேன். எதிலும் கேள்விக்குறி போடுவதில்லை. என் காதோரம் நரைக்கத் தொடங்கி இரண்டு வருடமாகிறது. "இருவத்தேழு வயசுல இன்னாடி நரை?" என்று அம்மா கரிசலாங்கண்ணி எண்ணெய் காய்ச்சித் தேய்க்கிறாள். எந்த எண்ணெய்க்கும் அது அடங்காது என்று அவளிடம் சொல்லவில்லை. ஒரு குழம்பின் நேரம்தான், நூறு மீன்களுடையது அல்ல. மெதுவாகத்தான் வெளுக்கிறது.

அன்று வெச்சிக்கினு இருக்காத என்று நீங்கள் சொன்னது எதற்காக என்று எனக்கு நன்றாகவே தெரியும். அவ்வளவையும் படிக்கக் கேட்ட பிறகும் என் தலையில் ஒன்றும் கொட்டிவிடக் கூடாது என்று நினைத்தீர்கள். அதனால்தான் அக்கா, அவிழ்த்துத் தின்று தப்பித்துக்கொள்ள முடிச்சில் கை வைக்க முடியவில்லை.

இன்றும் சோறு வடித்துத் தட்டில் போட்டு, தூக்குச்சட்டியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். இதை எழுதி முடிப்பதற்குள் சோறு ஆறிவிட்டது. குழம்பு சூடாகத்தான் இருக்கிறது.