நாலு ஏறினாத்தான் பேச்சு

ஜூலை 6, ஞாயிறு

பூசை முடிஞ்சு வர்ற வழியில் ராஜமாணிக்கத்தைப் பார்த்தேன். கருவூலத்தில் கிளார்க்காக இருந்து ரிட்டயர் ஆனவர். டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து, போனை மூக்குக்குக் கிட்ட வச்சு விலைவாசிப் புள்ளி பார்த்துக்கிட்டு இருந்தார். ஜனவரிக்கு ஒரு தடவை, ஜூலைக்கு ஒரு தடவை அகவிலைப்படி எவ்வளவு ஏறும்னு விருத்தாசலத்துப் பென்ஷன்காரங்களுக்கு முன்னாடியே சொல்றவர் அவர்தான். எனக்கும் அதில் அக்கறை உண்டு. எங்க வூட்டுக்காரர் வாட்ச்மேன் வேலை பார்த்து விட்டுட்டுப் போன குடும்பப் பென்ஷன். அது ஏறினா இதுவும் ஏறும்.

"இந்தத் தடவை எவ்வளவுங்க?"

"ரெண்டு சதவீதம் நிச்சயம். மிஞ்சினா மூணு. நாலுக்கு வழியே இல்லம்மா."

போன தடவை மூணுன்னு சொன்னார். ரெண்டுதான் வந்துச்சு. அவர் மறந்திருப்பார். நான் மறக்கல.

ஜூலை 9

பேத்தி பிரின்சி நல்லூரிலிருந்து பஸ்ஸில் இடமில்லாம நின்னுக்கிட்டே வந்தாளாம். அங்க ஆபீஸில் இளநிலை உதவியாளர் வேலை. நின்னுக்கிட்டு வந்தவ முகத்துல அப்படி என்ன சிரிப்பு? கேட்டா, "ஒண்ணுமில்ல ஆயா" என்கிறாள். ஒண்ணுமில்லாத சிரிப்பு எனக்குத் தெரியாதா?

ஜூலை 13, ஞாயிறு

சிரிப்புக்குக் காரணம் தெரிஞ்சு போச்சு.

சாயங்காலம் ஃப்ளோரா வந்தாள். டீச்சராக இருந்தவள். பட்டுப்புடவை, கையில் ஆப்பிள், பூ. இதே மாதிரிதான் அன்னிக்கும் வந்தாள்.

அன்னிக்குன்னா - விமலாவுக்கு இருபத்திரண்டு வயசு. அரசாங்க வேலையில இருந்த இவள் மகன் ஜெரோமுக்கு என் மக விமலாராணியைக் கேட்டு வந்தாள். எலுமிச்சை நிறப் பட்டு. கேசரியைத் தொடல. வாழைக்காய் பஜ்ஜியை மட்டும் கேட்டுக் கேட்டுத் தின்னாள். கை கழுவிட்டு, என் முந்தானை ஓரத்துலயே துடைக்காத குறையா நின்னுக்கிட்டு, "கமிஷன் வரட்டுங்க. பையன் சம்பளம் எங்கயோ போயிடும். அப்புறம் பார்த்துக்கலாம்" என்றாள். சம்பளக் கமிஷன் வந்தது. ஜெரோம் சம்பளமும் ஏறிச்சு. நெய்வேலியில் பெண் எடுத்தாங்க. எங்களுக்கு ஒரு வார்த்தை சொல்லி அனுப்பல. கல்யாணப் பத்திரிகை மட்டும் வந்துது.

இப்ப அந்த ஜெரோமோட மகன் சாவியோவுக்கு, விமலாவோட மக பிரின்சியைக் கேட்கிறாள். ரெண்டு பேருக்கும் முன்னமே பிடிச்சுப் போச்சாம்; அந்தச் சிரிப்பு இதுக்குத்தான்.

விமலா காபி கொடுத்தாள். மருமகன் மிக்கேல் மிக்சி ரிப்பேர் கடையை அப்படியே போட்டுட்டு ஓடி வந்து, எண்ணெய்க் கையோட கும்பிட்டார். இந்த வூட்டில் ரோஷம் எனக்கு மட்டும்தான்.

"பையன் என்ன பண்றான் டீச்சர்?" தெரியாத மாதிரி கேட்டேன்.

"பீங்கான் எஸ்டேட்டுல, பொம்மை சுடற சூளையில இருக்கான் அக்கா. நல்ல வேலைக்காரன்."

"வருஷத்துக்கு எவ்வளவு ஏறும்?"

"அது… முதலாளி மனசைப் பொறுத்தது."

அதுவரைக்கும்கூட அடக்கிக்கிட்டுதான் இருந்தேன். கிளம்பும்போது என்ன சொன்னாள் தெரியுமா? "உங்க வூட்டு வாழைக்காய் பஜ்ஜி ருசி இன்னும் நாக்குலயே இருக்குது அக்கா."

பஜ்ஜி ஞாபகம் இருக்குது! சொன்ன சொல்லு ஞாபகம் இல்லியா?

"டீச்சர், எங்க பொண்ணு அரசாங்கச் சம்பளம் வாங்கறவ. அகவிலைப்படி வரட்டுங்க. இந்தத் தடவை நாலு ஏறினா பேசுவோம். ஏறலன்னா பேச்சு இல்ல."

மிக்கேல் சிரிச்சார், நான் விளையாடறேன்னு நினைச்சு. "அத்தை, அக்டோபர்ல அவளுக்கு இன்கிரிமெண்டும் வருதே."

"அது தனி, இது தனி. நான் சொல்றது அகவிலைப்படியை."

ஃப்ளோரா முகம் சுருங்கிப் போச்சு. ராத்திரி நல்லாத் தூக்கம் வந்துது.

ஜூலை 14

விமலா துணி காயப்போட்டுக்கிட்டே சொன்னாள்: "எனக்காகச் சண்டை போடறதா இருந்தா விட்டுடும்மா. அந்தாளைக் கட்டியிருந்தா எனக்கு பென்ஷன் வந்திருக்கும். சிரிப்பு வந்திருக்காது."

அவளுக்காக இல்ல. எனக்காகத்தான். அவமானப்பட்டு நின்னது நானு.

பிரின்சி ஆபீஸ் போகுமுன்னே என் கிட்ட வந்து, "நீ சாவியோ வேணாம்னு சொல்லிட்டா நான் எதிர்த்துப் பேச மாட்டேன் ஆயா. ஆனா நீ தலையில கை வைக்காம நான் எவனையும் கட்டிக்க மாட்டேன். இவனையும் சரி, வேற எவனையும் சரி" என்று சொல்லிட்டுப் போனாள். கோபமாச் சொல்லியிருந்தா நானும் கத்தியிருப்பேன். மெதுவாச் சொல்லிட்டுப் போயிட்டா.

ஆகஸ்ட் 3

மார்க்கெட்டில் சாவியோவைப் பார்த்தேன். தக்காளிக் கடைக்கு முன்னாடி நிக்கிறான். என்னைப் பார்த்ததும் முகமெல்லாம் பல்லு. "ஆயா, தக்காளி அறுபது! முருங்கைக்காயைத் தொடவே முடியல!"

விலை ஏறினதுக்குச் சந்தோஷப்படற ஜென்மத்தை இன்னிக்கித்தான் பார்க்கிறேன். அப்புறம்தான் விளங்குச்சு. விலைவாசி ஏறினாத்தானே அகவிலைப்படி ஏறும்? நாலு வரணும்னு இவன் தக்காளிக்கு நேர்ந்துக்கிட்டு இருக்கான்.

நான் கடைக்காரனிடம் மல்லுக்கட்டி அஞ்சு ரூபா குறைச்சு வாங்கினேன். என் பங்குக்கு.

ஆகஸ்ட் 6

சாவியோ போன் பண்ணினானாம், மிக்கேலுக்கு. சின்ன வெங்காயமும் ஏறிடுச்சாம். மருமகன் பேரம் பேசாம ரெண்டு கிலோ வாங்கிட்டு வந்து நிக்கிறார். "நம்மாலான உதவி அத்தை" என்கிறார். வூட்டுல எல்லாரும் பைத்தியம்.

ஆகஸ்ட் 15, மாதா திருநாள்

கோயில் வாசலில் ராஜமாணிக்கம் சுண்டல் வாங்க வந்திருந்தார். சுண்டல் எங்க கொடுத்தாலும் அவர் இருப்பார். கேட்டேன்.

"தக்காளி இப்படி ஏறுதே, நாலு வந்துடுமோ?"

"இப்ப ஏறுற தக்காளி ஜனவரிக் கணக்குக்கும்மா. ஜூலைக் கணக்கு ஜூன் மாச விலையோட முடிஞ்சு போச்சு. புள்ளி எல்லாம் வந்தாச்சு. மூணுதான். எழுதி வச்சுக்கோங்க."

எழுதி வச்சுட்டேன்.

அப்படீன்னா நான் ஜெயிச்சுட்டேன். சாவியோ தினமும் மார்க்கெட்டுக்குப் போய்ச் சந்தோஷப்படறது எல்லாம் வீண்.

பிரின்சியிடம் சொன்னேன். "தெரியும் ஆயா. எங்க ஆபீஸ்ல எல்லாரும் கணக்குப் போட்டு வச்சிருக்காங்க" என்றாள்.

"அப்ப அவனுக்கு ஏன் சொல்லல?"

"தக்காளி விலை கேட்கிறப்ப அவன் மூஞ்சியைப் பாத்திருக்கேல்ல? நீ சொல்லிடுவியா?"

எனக்கு என்ன, சொல்ல முடியாதா? நாளைக்கே சொல்றேன்.

ஆகஸ்ட் 24

சொல்லல.

செப்டம்பர் 8

சாவியோ வந்துட்டுப் போனான். ஒரு ஊறுகாய் ஜாடி கொண்டு வந்தான். சூளையில் அவனே பார்த்துப் பார்த்து சுட்டதாம். மூடி கச்சிதமாப் பொருந்துது. தட்டிப் பார்த்தேன், கிண்ணுன்னு சத்தம்.

"லஞ்சமா?" என்று கேட்டேன்.

"இல்ல ஆயா. நாலு வந்தாலும் வரலேன்னாலும் ஜாடி உங்களுக்குத்தான். ஆனா கத்திரிக்காயும் ஏறிடுச்சு, தெரியுமா?"

ஜாடியை மேல் தட்டில் வச்சேன். அப்புறம் எடுத்து எலுமிச்சங்காய் போட்டு வச்சேன். சும்மா இருக்கிற ஜாடியை எதுக்குக் காய வைக்கணும்? அதுக்கும் அவன் பாட்டிக்கும் சம்பந்தமில்ல.

அக்டோபர் 2

டில்லியில் அறிவிச்சுட்டாங்க. மூணு. டில்லியில வந்த மாதிரியேதான் நம்ம அரசாங்கமும் கொடுக்கும், கொஞ்ச நாள் தள்ளி.

லீவு நாள். பிரின்சி வூட்டிலேயே இருந்தாள். துணி துவைச்சா, அலமாரி அடுக்கினா, மறுபடி அதே அலமாரியை அடுக்கினா. அழல. அழுதிருந்தா திட்டியிருக்கலாம்.

சாவியோ வாசல் வரைக்கும் வந்தான், உள்ளே வரல. "தக்காளி கொஞ்சம் முன்னாடியே ஏறியிருக்கணும் ஆயா. நான்தான் கணக்கு தெரியாம இருந்துட்டேன்."

கோபப்படுவான்னு நினைச்சேன். தக்காளி மேலதான் குறைபட்டுக்கிட்டு நிக்கிறான்.

நான் ஜெயிச்சா எப்படி இருக்கும்னு இத்தனை வருஷமா நினைச்சு வச்சிருந்தேன். இப்படி இருக்கும்னு நினைக்கல. சோறே இறங்கல. சொன்ன சொல்லை எப்படி மாத்தறது? மாத்தினா அந்த ஃப்ளோரா சிரிக்க மாட்டாளா?

அக்டோபர் 19

ரேஷன் கடைக்காரன் இன்னிக்கும் எடை குறைச்சான். அவனையும் மறக்க மாட்டேன்.

அக்டோபர் 31

பிரின்சிக்குச் சம்பளம் ஏறிடுச்சு. போனைக் காட்டினாள். "இன்கிரிமெண்ட் சேர்ந்திருக்கு ஆயா." நவம்பரில் வேலைக்குச் சேர்ந்தவ. அக்டோபர்லேர்ந்து டிசம்பர் வரைக்கும் சேர்ந்தவங்களுக்கு எல்லாம் வருஷ ஏற்றம் அக்டோபரிலேயே விழும். இதுக்கு அறிவிப்பு கிடையாது, பேப்பரில் வராது. சத்தமில்லாம வந்து உட்கார்ந்துக்கும்.

"எவ்வளவு ஏறும் இது?"

"அடிப்படைச் சம்பளத்துல மூணு சதவீதம் ஆயா. வருஷா வருஷம்."

மூணு. அதுவும் மூணா!

விரல் விட்டு எண்ணினேன். மறுபடி எண்ணினேன். அஞ்சாங் கிளாஸ் படிச்சவளுக்கு இந்தக் கூட்டல்கூட வராதா?

நவம்பர் 2, கல்லறைத் திருநாள்

காலையிலேயே விமலாவும் நானும் மெழுகுவத்தி, சாமந்தி எல்லாம் எடுத்துக்கிட்டுக் கல்லறைக்குப் போனோம். எங்க வூட்டுக்காரர் கல்லறையைக் கழுவி, பூ போட்டேன். ரெண்டு வரிசை தள்ளி ஃப்ளோரா, அவ வூட்டுக்காரர் கல்லறையில் புல்லு செதுக்கிக்கிட்டு இருந்தாள். நேராப் போனேன். விமலா பயந்துட்டாள். கல்லறையில சண்டை போடப் போறேன்னு நினைச்சிருப்பா.

"டீச்சர், நாலு வந்துடுச்சு. நாலுக்கு மேலயே வந்துடுச்சு."

அவள் நிமிர்ந்தாள். "மூணுதானே அக்கா வந்துச்சு?"

"அகவிலைப்படி மூணு. இன்கிரிமெண்ட் மூணு. மூணும் மூணும் ஆறு."

சரின்னு சொல்லிட்டுப் போக வேண்டியதுதானே? டீச்சர் புத்தி போகல. மண்வெட்டியைக் கீழே வச்சுட்டு, "அக்கா, அதையும் இதையும் கூட்டக் கூடாது. நீங்கதானே அன்னிக்கி அது தனி, இது தனின்னு சொன்னீங்க?" என்கிறாள்!

என் வாயிலிருந்து வந்ததை எனக்கே திருப்பித் தர்றாள். ஞாபகமில்லாதவன்னு இத்தனை நாள் நினைச்சுட்டேனே.

"டீச்சர், இன்னிக்கி மட்டும் கூட்டுங்க."

அப்புறம்தான் அவளுக்கு விளங்குச்சு. கண்ணு கலங்கிடுச்சு. "கூட்டினா ஆறுதான் அக்கா" என்றாள்.

அதோட விட்டிருக்கலாம். விட முடியல. இவ்வளவு ஞாபகம் இருக்கிறவளுக்கு அது மட்டும் எப்படி மறந்துது?

"கமிஷன் வரட்டும்னு சொல்லிட்டுப் போனீங்களே, விமலாவைப் பார்க்க வந்தப்ப. ஞாபகம் இருக்குதா?"

தலையைக் குனிஞ்சாள். "இருக்குது. அது நான் சொன்னதில்ல அக்கா, அவரு சொல்லச் சொன்னது." கல்லறையைக் காட்டினாள். "இங்கதான் இருக்காரு. நீங்களே கேளுங்க."

கல்லறையைப் பார்த்தேன். அவர் ஒண்ணும் சொல்லல.

"கேட்டுக் கேட்டு பஜ்ஜி தின்னது?"

"அது நான்தான்."

பின்னாடி விமலா சிரிச்ச சிரிப்பில் பக்கத்துக் கல்லறைக்காரங்க எல்லாம் திரும்பிப் பார்த்தாங்க. எனக்கும் அடக்க முடியல. செத்தவங்க மன்னிக்கணும்.

வூட்டுக்கு வந்து பிரின்சி தலையில் கை வச்சேன். அவள் என் கையை எடுக்கவே விடல.

நவம்பர் 15

நம்ம அரசாங்கமும் மூணுன்னு சொல்லிட்டாங்க. ராஜமாணிக்கம் தெருத் தெருவாப் போய், "நான் அன்னிக்கே சொன்னேன்ல?" என்கிறார். ஜூலையில் ரெண்டு நிச்சயம்னு சொன்னது எனக்கு ஞாபகம் இருக்குது. நல்ல நாள், சொல்லாம விட்டேன்.

தக்காளி முப்பதுக்கு இறங்கிடுச்சு. சாவியோ கவலைப்படல.

ஜனவரி 4, ஞாயிறு

பூசையில் கல்யாணத்துக்கு முதல் ஓலை வாசிச்சாங்க. சாவியோ பேரையும் பிரின்சி பேரையும் சாமியார் சேர்த்துச் சொல்லி, தடை தெரிஞ்சவங்க யாராவது இருந்தா தெரிவிக்கணும்னு கேட்டார். மிக்கேல் திரும்பி என்னையே பார்க்கிறார்! முறைச்சேன். முன்னாடி திரும்பிக்கிட்டார்.

ஃப்ளோரா என் பெஞ்சில்தான் உட்கார்ந்திருந்தாள். காணிக்கை எடுக்கும்போது காதுகிட்ட வந்து, "அக்கா, ஜனவரிக்கு எவ்வளவு ஏறும்னு நினைக்கிறீங்க? நான் ரெண்டுன்னு சொல்றேன்" என்றாள்.

"மூணு" என்றேன். அவள் ரெண்டுன்னதால.

தோக்கறவங்க வாழைக்காய் பஜ்ஜி சுடணும்னு பேச்சு. அவள் சுட்டா எண்ணெய் குடிக்கும், எனக்குத் தெரியும். வர்ற வழியில் நானே நல்ல காயாப் பார்த்து வாங்கி வச்சுட்டேன். அறிவிக்க இன்னும் மாசக்கணக்கில் ஆகும். அதனால பஜ்ஜி தின்ன அவளை நாளைக்கே வரச் சொல்லிட்டேன்.