மூன்றாவது வரி

அன்புள்ள சிரில்,

கோணல்மாணலான எழுத்தைப் பொறுத்துக்கொள். எழுபத்தொரு வயதில், நூலகத்து மாலை வகுப்பில் கற்றது. இந்த ஒரு பக்கத்துக்கு இரண்டு நாள் ஆயிற்று. இப்போது பஸ் பலகை, ஜாம் பாட்டில் எல்லாவற்றையும் வாய்விட்டுப் படிக்கிறேன். மகள் சிரிக்கிறாள்.

ஸ்டூடியோவில் இருபது வருடம் எனக்கு வசனம் படித்துச் சொன்னவன் நீ. நாம் இருவரும் கான்ஸ்டபிள்களாக நடித்த முதல் படத்துக்கு, ஹாக்னி தியேட்டருக்கு என் அம்மாவைக் கூட்டிப்போனோமே, நினைவிருக்கிறதா? திரையில் நடிகர் பெயர்கள் வந்ததும் என் விலாவில் இடித்தாய்.

"அதோ பாருடா வில்ஃப், மூணாவது வரி. நீதான்."

அம்மாவுக்கும் படிக்கத் தெரியாது. எழுந்து நின்று கைதட்டினாள். அதன்பின் ஒவ்வொரு படத்திலும் நீ காட்டிய வரிக்கு நான் தொப்பியைக் கழற்றினேன்.

ஞாயிறு மதியம் டிவியில் அந்தப் படம் போட்டார்கள். எழுத்துக்கூட்டிப் படித்தேன். மூன்றாவது வரியில் இருந்தது உன் பெயர். என் பெயர் எந்த வரியிலும் இல்லை.

அம்மா உனக்குத்தான் கைதட்டியிருக்கிறாள். நீயும் பக்கத்தில் உட்கார்ந்து அதை வாங்கிக்கொண்டாய்.

வருகிற ஞாயிறு நான் பட்லராக வந்த படம். அதையும் படித்துவிட்டு அடுத்த வாரம் எழுதுகிறேன்.

இப்படிக்கு,
எந்த வரியிலும் இல்லாதவன்