விழுந்த பொம்மையின் கோட்டு

டுரின், 1917 பிப்ரவரி 12, திங்கள்

இன்று இருபது கோட்டு தைத்தேன். ஒவ்வொன்றும் என் சுண்டுவிரல் நீளம். ஒரு குழந்தையின் கனவில் பொம்மைகள் சண்டை போடுகிற சினிமா. எதிரி ஜெனரலுக்குத் துடைப்பக் குச்சியில் மீசை வைத்தேன். கூடத் தைக்கும் ஓட்டிலியா, "டெல்ஃபினாக்கா, உன் மாமியாருக்கும் இப்படித்தானே இருந்திச்சு?" என்றாள். சிரித்துவிட்டேன். என் மகன் செவெரோ போன பிறகு முதல் தடவை. பாவமோ?

பிப்ரவரி 13

பட்டாளத்துக் கடிதத்தை மறுபடி எழுத்துக்கூட்டிப் படித்தேன். கார்ஸோ மலைச் சண்டையில் செவெரோ விழுந்தான். புதைத்த இடம் தெரியாது. கண்ணை யார் மூடினார்கள்? கோட்டுப் பொத்தானையாவது யாராவது போட்டுவிட்டார்களா? குளிரிலும் திறந்துபோட்டுத்தான் திரிவான்.

பிப்ரவரி 16

பொம்மையை மயிரிழை நகர்த்தி, கையை எடுத்துக்கொண்டு, ஒரு படம். மறுபடி நகர்த்தி, இன்னொன்று. ஓட்டிப் பார்த்தால் தானே நடக்கும். கிழிந்ததைத் தைக்கத்தான் நான் பக்கத்தில் நிற்பது. விழுந்ததைத் தொடவே கூடாது என்பது படம் எடுக்கும் மாஸ்டர் பெரோட்டோவின் கண்டிப்பு.

இன்று ஒரு பொம்மைச் சிப்பாய் மல்லாந்து கிடந்தான், கோட்டு திறந்தபடி. மாஸ்டர் விளக்குப் பக்கம் திரும்பினார் — நான் பொத்தானைப் போட்டுவிட்டேன். ஏன் செய்தேன்?

பிப்ரவரி 19

சொல்லிவிடலாமா? சொன்னால் வேலை போகும்.

பிப்ரவரி 22

திரையில் போட்டார்கள். ஜெனரல் மீசை பற்றி எரிந்தது, எல்லாரும் சிரித்தோம். அப்புறம் — செத்தவன் தானே கோட்டை மூடிக்கொண்டான்.

"பிணத்துக்குக் குளிருதுடோய்!" என்று விளக்குக்காரன் கத்தினான். ஒரே சிரிப்பு. மாஸ்டர் மட்டும் சிரிக்கவில்லை.

"யார் தொட்டது?"

"நான்தான் மாஸ்டர். குளிருமேன்னு..." சிரிப்பு நின்றுபோனது.

"படத்துக் கடைசியிலே தேவதை வந்து எல்லாரையும் எழுப்பிடுவாளேம்மா" என்றார் மெதுவாக.

"அதுவரைக்கும் கெடக்கணுமே மாஸ்டர்."

பிப்ரவரி 24

வேலை போகவில்லை. ஆனால் அந்தப் பிலிம் துண்டு படத்தில் இருக்கக் கூடாது என்று மாஸ்டர் வெட்டினார். வெட்டியதை என் கையில் வைத்துவிட்டுப் போனார்.

வீட்டு ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். நகம் அளவு கட்டங்கள். ஒன்றில் கோட்டு திறந்திருக்கிறது. அடுத்ததில் மூடியிருக்கிறது. நடுவில் என் கை வந்ததற்கு அடையாளமே இல்லை.

கார்ஸோவிலும் அப்படி ஒரு கை வந்து போயிருக்கலாம். கடிதம் எழுதினவருக்குத் தெரிந்திருக்காது.