மோரிப் நத்தை ஓடும் மாமியார் விளக்கும்

அன்புள்ள செல்லம்மா அக்காவுக்கு,

நீங்கள் போய்ச் சேர்ந்து மூன்று மாதம் ஆகிறது. பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே வரிசை வீடுகளில், அண்ணன் தம்பிக்கு வாழ்க்கைப்பட்டு, அடுத்தடுத்த வீட்டில் இருந்தோம். கடைசி ஆறு வருஷம் பேச்சில்லை. ஏனென்று மறந்திருப்பேன் என்று நினைத்தீர்களா?

ரப்பர் விலை விழுந்த வருஷம், ஆடி அமாவாசைக்கு லோரி பிடித்து மோரிப் கடலுக்குப் போனோம். மலாய்க்கார அம்மா ஒருத்தி ஈரமணலைக் கிளறி, சட்டைப் பொத்தான் அளவு நத்தைகளை அள்ளிக்கொண்டிருந்தாள். அவித்து, ஊசியால் சதையைக் குத்தி எடுத்துத் தின்பார்களாம். விரத நாளில் நாம் தொடுவோமா? "சதை உனக்கு, ஓடு எனக்கு" என்று அரைகுறை மலாயில் பேசி, அவள் அங்கேயே அவித்துத் தின்று போட்ட ஓட்டையெல்லாம் முந்தானையில் முடிந்துகொண்டீர்கள். பல்லாங்குழிக்குப் புளியங்கொட்டையைவிட இது வழவழப்பு என்றீர்கள்.

புளியங்கொட்டைக்கெல்லாம் ஒரே முகம், அக்கா. இந்த ஓட்டில் ஒன்றைப்போல் இன்னொன்று கிடையாது. ஒன்று ரோஜா நிறம், ஒன்று சாம்பல், ஒன்றில் தேத்தண்ணீர் வழிந்தாற்போல் கோடு. ஆடி ஆடி எனக்கு ஒவ்வொன்றும் அடையாளம் தெரிந்துபோனது. அதை நீங்கள் யோசிக்கவில்லை.

மாமியார் கண்ணை மூடியபின், அவர் குத்துவிளக்கு யார் வீட்டில் இருப்பது என்று கேள்வி வந்தது. ஆம்பிளைகள் பேசி முடிக்கட்டும் என்றேன். ஆட்டத்தில் தீர்த்துக்கொள்வோம் என்றது நீங்கள்தான். கடைசியில் எண்ணிப் பார்த்தால் உங்களிடம் ஓர் ஓடு அதிகம். பாதி வெள்ளை, பாதி கறுப்பு. நான் ஜெயித்து என் பக்கம் குவித்து வைத்திருந்த ஓடு அது.

"அக்கா, அது என்னுது."

"ஏன்டி, ஓட்டுல உன் பேரு எழுதியிருக்கா?"

"எழுத வேணாம். எனக்குத் தெரியும்."

"தோத்தவளுக்கு வாயப் பாரு!"

வரிசைப் பெண்கள் அத்தனை பேரும் சிரித்தார்கள். விளக்கு உங்கள் வீட்டுக்குப் போனது. நான் கதவைச் சாத்தினேன்.

போன வாரம் உங்கள் மருமகள் விளக்கோடு வந்து நின்றாள்.

"சின்னத்தை, அத்தை போறதுக்கு மொத நாள் சொன்னாங்க. 'அது அவ ஜெயிச்ச வெளக்கு, கொண்டுபோய்க் குடுத்துடு'ன்னாங்க."

"நடுவுல ஒரு செவுருதானே? எங்கிட்ட வந்து சொல்ல உங்க அத்தைக்குக் காலு இல்லையா?"

"வந்திருந்தா நீங்க கதவத் தொறந்திருப்பீங்களா?"

அவளுக்கு வாய் நீளம், உங்கள் வளர்ப்பு.

பாவம் பார்த்துக் கொடுத்ததாக இருந்தால் திருப்பி அனுப்பியிருப்பேன். ஜெயித்தது என்று சொன்னதால் வாங்கி வைத்தேன். புளி போட்டுத் தேய்த்தேன். அடிப்பாகக் குழிவில் அந்தப் பாதி வெள்ளை, பாதி கறுப்பு ஓடு, நீங்கள் செருகி வைத்தபடியே இருப்பதையும் பார்த்தேன்.

கோபம் தீரவில்லை, அக்கா. நான் அங்கே வரும்போது என் முகத்தைப் பார்த்து, ஜெயித்தது நான்தான் என்று நீங்களே ஒரு தடவை சொல்ல வேண்டும். அதுவரை வெள்ளிக்கிழமை தோறும் உங்கள் பேரைச் சொல்லி ஒரு திரி கூடப் போடுவேன். இது சத்தியம்.

இப்படிக்கு,
அடுத்த வீட்டில் இன்னும் இருக்கும் உங்கள் ஓரகத்தி,
மீனாட்சி