பாய் அழுக்காயிடும்

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. இங்கே இருவரும் சுகம், நீயும் வேளைக்குச் சாப்பிட்டு, தூங்க வேண்டிய நேரத்தில் தூங்கி, சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன். எனக்குத்தான் நேற்றிலிருந்து தலைகால் புரியவில்லை, பாலை அடுப்பில் வைத்துவிட்டு ஃபிரிட்ஜுக்குள் பாலைத் தேடுகிறேன். அப்பா உன் படத்தைப் பார்த்துவிட்டார்!

நீ போர்க்காலக் கதைகளைச் சினிமாவுக்கு எழுத ஆரம்பித்ததிலிருந்து, நாம பட்டதெல்லாம் அடுத்தவனுக்கு வேடிக்கையா என்று முறுக்கிக்கொண்டு ஒரு படத்துக்கும் வராத மனுஷன். நீயும் ஒவ்வொரு போனிலும் அப்பா பார்த்தாரா, பார்த்தாரா என்று கேட்பாய், நானும் பேச்சை மாற்றி மாற்றி அலுத்துப்போனேன். இந்த முறை, என்னோடு வருவதாக இருந்த பக்கத்து வீட்டுத் தையல்காரிக்குக் காய்ச்சல், டிக்கெட் வீணாகிறது என்று ஒரு பொய்யைப் போட்டேன். வீணாகிறது என்று சொன்னால் இவருக்குப் பொறுக்காதே, சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார். ஷெல் விழுகிற நேரத்தில் படத்தில் அந்த அப்பா பதுங்குகுழி வாசலில் நின்று, "செருப்பைக் கழட்டிட்டு உள்ள போங்க, பாய் அழுக்காயிடும்" என்று கத்துகிறாரே, உன் அப்பா அன்று கத்தியதாக நான் உனக்குச் சொன்ன அதே கதை, அதற்குத் தியேட்டரே விழுந்து விழுந்து சிரித்தது. போச்சு, எழுந்து போய்விடுவார் என்று ஓரக்கண்ணால் பார்த்தால், எல்லாரையும்விட இவர்தான் கண்ணில் தண்ணீர் வரச் சிரிக்கிறார். பின்சீட்டு அம்மாள் அதட்டியும் நிற்கவில்லை, நானும் சேர்ந்துகொண்டேன்.

வெளியே பஸ்ஸுக்கு நிற்கும்போது, உன் பொண்ணு நல்லாத்தான் எழுதறா, ஆனா அந்த இடத்தைத் தப்பா எழுதிட்டா என்றார். எனக்குச் சுருக்கென்றது. பாயாவது மண்ணாவது, விளக்கேற்றக் கூடாது, இருட்டில் யார் இறங்கினார்கள், யார் வெளியே நிற்கிறார்கள் என்று தெரியாது, அதனால் வாசலில் செருப்புகளைத் தடவிப் பார்ப்பாராம். "அவளோட குட்டிச் செருப்பு ரெண்டும் கையில தட்டுப்பட்ட பிறகுதான் எனக்கு மூச்சே வரும்" என்றார். நாம் பயப்படக் கூடாதென்று பாய் கதையைச் சொல்லி, கூடவே இருந்த என்னையே இத்தனை வருஷம் ஏமாற்றியிருக்கிறார் பார். வந்த பஸ்ஸை விட்டுவிட்டு அங்கேயே நின்றோம்.

உன் பிறந்தநாளன்று அவரே போன் செய்து இதை உன்னிடம் சொல்லப்போகிறாராம், இன்னும் நிறைய இருக்கிறதாம், அடுத்த படத்துக்கு ஆகுமாம். காலையிலிருந்து கண்ணாடி முன் ஒத்திகை வேறு நடக்கிறது. சொல்லாதே என்றுதான் சொன்னார், என் வாய் அடங்கவில்லை, என்ன செய்ய. நீ முதல் தடவை கேட்பதுபோலக் கேள், நடிக்க வராவிட்டால் உன் நடிகர்களிடம் கற்றுக்கொள். முதுகு வலிக்க உட்கார்ந்தே இருக்காதே, நடுவில் கொஞ்சம் நட. நீ எழுதுவது எல்லாம் நன்றாக வரட்டும், நூறு வருஷம் நன்றாக இரு கண்ணே. ஒன்றை மட்டும் மறந்துவிடாதே, லீவுக்கு வரும்போது செருப்பை வாசலிலேயே விடு, உள்ளே எடுத்து வைத்துவிடாதே. அப்பா தடவிப் பார்த்துக்கொள்ளட்டும்.

உன் வாய் அடங்காத,
அம்மா