எல். டாலிவர்

1994 மார்ச் 3
இன்று கல்லூரியில் வகுப்பு இல்லை. கானல் தெருவைப் பற்றிய என் வரலாற்றுப் புத்தகம் பதினைந்து வருடம் கழித்து மறுபதிப்பாகிறது. மெய்ப்புப் பார்த்துக்கொண்டிருந்தபோது எர்னஸ்டீன் டாலிவர் வந்தார். பள்ளிச் சமையலறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். கோட்டைக் கழற்றவில்லை, உட்காரவுமில்லை. நெடுஞ்சாலைக்காக எங்கள் கறுப்பின ஜனங்களின் நானூறு வீடுகளை இடிக்கச் சம்மதித்துக் கையெழுத்திட்டார் என்று நான் எழுதிய முடிதிருத்துநர் லூஷியஸ், இவருடைய அப்பா.

“எங்கப்பா கடைசிவரைக்கும் வாடகை வீட்டுலதான் இருந்தாரு, டாக்டரம்மா. அவருகிட்ட எவன் கையெழுத்து கேப்பான்?”

அவர் போனதும் பழைய கோப்புகளை எடுத்தேன்.

மார்ச் 4
என் ஆதாரம் ஒரே ஒரு தாள். வீட்டுச் சொந்தக்காரர்களின் சம்மதப் பட்டியலில் “எல். டாலிவர்”. அவ்வளவுதான்.

மார்ச் 11
ஒரு வாரமாகப் பத்திரப் பதிவேடுகளில் தேடி, இன்று கிடைத்தது. லாரன்ஸ் டாலிவர். வெள்ளைக்காரர். குன்றின் மேல் குடியிருந்துகொண்டு, கானல் தெருவில் பதினான்கு வீடுகளை வாடகைக்கு விட்டவர்.

முன்னோரை அடிமையாக வைத்திருந்தவனின் பெயர்தான் நம்மில் பலருக்குக் குடும்பப் பெயராக ஒட்டிக்கொண்டது என்று வருடாவருடம் பாடம் நடத்துகிறவள் நான். எனக்கு ஏன் தோன்றவில்லை? நமக்குள்ளேயே ஒரு துரோகி இருந்தால் கதை நன்றாக இருக்கும் – அதற்காகத்தானா? அதற்காகத்தான்.

மார்ச் 12
ஒன்றும் எழுத ஓடவில்லை.

மார்ச் 15
கடைசிப் பக்கத்தில் ஒரு வரித் திருத்தம் போதும் என்கிறார் பதிப்பாசிரியர். அத்தியாயம் முழுவதையும் மாற்றி எழுதுகிறேன் என்றேன். புத்தகம் ஒரு வருடம் தள்ளிப்போகுமாம். போகட்டும்.

மார்ச் 27, குருத்தோலை ஞாயிறு
ஆராதனை முடிந்ததும் எழுந்து நின்று எல்லாவற்றையும் சொன்னேன். பிறகு மூப்பர் கிளீட்டஸ் ஹேர்ஸ்டன், உட்கார்ந்தபடியே:

“லூஷியஸ் சாகறவரைக்கும் மூணு வருசம் அவரு கடை வாசல நான் மிதிக்கல. நீ எழுதுனதப் படிச்சுட்டுத்தாம்மா.”

எர்னஸ்டீன் என் பக்கம் திரும்பவே இல்லை.

மே 14
எர்னஸ்டீன் போன் செய்து கல்லறைத் தோட்டத்துக்கு வரச் சொன்னார். இத்தனை வருடமும் அவருடைய அப்பாவின் கல்லில் தேதிகள் மட்டும்தான் இருந்தனவாம். பெயரைப் பார்த்தால் யாராவது துப்பிவிட்டுப் போவார்கள், வெட்ட வேண்டாம் என்று அப்பாவே சொல்லிவிட்டுச் செத்தாராம். நேற்றுத்தான் பெயரை வெட்டியிருக்கிறார்கள்.

“மன்னிச்சுட்டேன்னு நெனச்சுக்காதீங்க. எழுத்துல பிழை இருக்கான்னு பாத்துச் சொல்லுங்க.”

ஈரப் புல்லில் மண்டியிட்டு, ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்துப் படித்தேன்.

“சத்தமா,” என்றார்.

மறுபடி முதலிலிருந்து படித்தேன்.