சரம் பின்னும் விரல்கள்

12.9.2006, செவ்வாய்

வேன் கவிழ்ந்த வழக்கில் நஷ்டஈட்டுக்கு ஊனச் சதவீதம் குறிக்க இன்று ஒரு பெண்ணைப் பரிசோதித்தேன். சரவெடி பின்னுபவள். ஒடிந்து கூடிய வலக்கை விரல்களை மடக்கச் சொன்னேன். முழுதாக மடக்கிக் காட்டினாள், நெற்றியெல்லாம் வியர்வை.

“வலிக்குதாம்மா?”

“இல்ல டாக்டரய்யா. நல்லாருக்குன்னே எளுதுங்க.”

“வலியைச் சொன்னாத்தாம்மா பணம் கிடைக்கும்.”

“ஊனம்னு எளுதிட்டா கம்பெனில சேக்க மாட்டாகய்யா. தீவாளி சீசன் வேற.”

போகும்போது பையை இடக்கையால் எடுத்தாள்.

சதவீதக் கட்டத்தை இன்னும் நிரப்பவில்லை. எதை எழுதினாலும் அவளுக்கு ஒன்று போய்விடும். கண்ணை மூடினால் அந்த விரல்கள் வலியே இல்லாமல் பின்னிக்கொண்டிருக்கின்றன. சரம் நீண்டு நீண்டு என் கட்டில்வரை வந்துவிட்டது. “நல்லாருக்காய்யா?” என்று கேட்கிறாள். நான் தலையாட்டிவிடுகிறேன்.